ஆக்டன் வங்கியின் இரண்டாம் நாள்: மாரினர் எக்கிள்ஸ் தன்வரலாற்றின் ஒரு நிகழ்ச்சியை மறுபடி வாசித்தல்

பின்னாளில் அமெரிக்க மத்திய வங்கியான பெடரல் ரிசர்வின் தலைவரான மாரினர் எக்கிள்ஸைப் பற்றி எழுதுகிறவர்கள் யாரும், 1931-இல் யூட்டா மாநிலத்து ஆக்டன் நகரில் அவருடைய வங்கியை டெபாசிட்தாரர்கள் முற்றுகையிட்ட கதையைச் சொல்லாமல் விடுவதில்லை. பெரும்பாலோர் அதை முதல் நாள் மாலையோடு முடித்துவிடுகிறார்கள். எக்கிள்ஸ் முடிக்கவில்லை. அவருடைய தன்வரலாற்றில் அந்தக் கதைக்கு இரண்டாம் நாள் ஒன்று உண்டு. முதல் நாள் காசாளர்களுக்குக் கொடுத்த உத்தரவை அன்று காலையில் அவர் தலைகீழாக்குகிறார். இந்தக் கட்டுரை அந்த இரண்டாம் நாளைப் பற்றியது. ஊர் வங்கிக்காரர் ஒருவர், வாஷிங்டன் கொள்கையாளர் ஒருவர் என்று எக்கிள்ஸை இரண்டாகப் பிரித்துவைத்திருக்கும் ஆய்வு மரபு, இரண்டாம் நாளைப் படித்திருந்தால் அப்படிப் பிரித்திருக்காது என்பது என் வாதம். 1951-இல் வெள்ளை மாளிகையோடு அவர் நடத்திய மோதலுக்கும் வேர் அந்தக் கல்லாவில்தான் இருக்கிறது என்பது என் துணிபு.

சான்றின் நிலையை முதலில் சொல்லிவிட வேண்டும். ‘பெக்கனிங் ஃபிரன்டியர்ஸ்’ என்ற அந்தத் தன்வரலாறு 1951-இல் வெளிவந்தது. நிகழ்ச்சிக்கும் நூலுக்கும் 20 ஆண்டு இடைவெளி. பதிப்பித்தவர் சிட்னி ஹைமன். சொல்பவர் குரல் எங்கே முடிகிறது, பதிப்பாசிரியர் கை எங்கே தொடங்குகிறது என்று கோடு கிழிக்க முடியாது. பேச்சுகள் நாடக வசனம்போலக் கச்சிதமாக விழுகின்றன. 20 ஆண்டுக்கு முன் பேசியதை யாரும் அவ்வளவு சுத்தமாக நினைவில் வைத்திருப்பதில்லை. ஆகவே நூலில் அவர் வாயில் வரும் சொற்களை 1931-இன் சொற்களாக நான் கொள்ளவில்லை. காசாளர் எந்த நோட்டைக் கொடுத்தார், எந்த அட்டையைத் தேடினார் என்பவை வேறு வகை விவரங்கள். பேச்சு மறந்துபோகும், தொழிலின் கைப்பழக்கம் அவ்வளவு எளிதில் மறப்பதில்லை. என் வாசிப்பு இந்த இரண்டாம் வகையை நம்பி நிற்கிறது.

கதை இதுதான். நகரின் இன்னொரு வங்கியான ஆக்டன் ஸ்டேட் பேங்க் கதவைத் திறக்கப்போவதில்லை என்று செய்தி வருகிறது. அடுத்த கூட்டம் தன் வாசலுக்குத்தான் வரும் என்று எக்கிள்ஸுக்குத் தெரிகிறது. ஊழியர்களைக் கூட்டி உத்தரவு போடுகிறார். முகத்தில் கலக்கம் தெரியக்கூடாது. சேமிப்புப் பிரிவில் வழக்கமாகத் திறக்கும் 3 சன்னல்களோடு நான்காவதும் திறந்திருக்க வேண்டும். ஒன்று சற்று நேரம் மூடினாலும் பீதி கூடும். சாப்பிட யாரும் வெளியே போகக்கூடாது, சாண்ட்விச் உள்ளே வரும். கேட்டவருக்கெல்லாம் பணம் கொடுக்க வேண்டும், ஆனால் மெதுவாக. வருஷக்கணக்காக முகம் தெரிந்த ஆளானாலும் மாதிரிக் கையெழுத்து அட்டையைத் தேடியெடுத்து ஒத்துப்பார்க்க வேண்டும். பெரிய நோட்டே கூடாது. 5 டாலரும் 10 டாலருமாக எண்ணிக் கொடுக்க வேண்டும். 300 டாலர் சேமிப்பை 20 டாலர் நோட்டில் கொடுத்தால் 15 நோட்டு. பத்தில் கொடுத்தால் 30. ஐந்தில் கொடுத்தால் 60 நோட்டு, அதையும் நிதானமாக. காசாளரின் விரலைக் கடிகாரமாக்கிவிட்ட உத்தரவு அது.

மாலை 3 மணி, வங்கி மூடும் நேரம். கூட்டம் குறையவில்லை. சால்ட் லேக் சிட்டியில் இருந்த பெடரல் ரிசர்வ் கிளையிலிருந்து நோட்டுக் கட்டுகள் வந்து சேர்கின்றன. எக்கிள்ஸ் கவுண்டர்மேல் ஏறி நிற்கிறார். கடைசி ஆள் போகும்வரை வங்கி திறந்திருக்கும் என்கிறார். வந்திறங்கிய பணத்தைச் சுட்டி, இது வந்த இடத்தில் இன்னும் ஏராளமாக இருக்கிறது என்ற பொருளில் ஒரு வார்த்தை சொல்கிறார். கூடவந்த பெடரல் ரிசர்வ் அதிகாரியும் அதை வழிமொழிகிறார். கூட்டத்தின் இறுக்கம் தளர்கிறது. இங்கே எக்கிள்ஸ் கதையைச் சற்று நிறுத்தி வாசகர் காதில் மட்டும் ஒன்று சொல்கிறார்: நான் சொன்னது உண்மைதான், அது எங்களுக்குக் கிடைக்கும் என்று நான் சொல்லவில்லை.

மறுநாள் காலை வங்கியை வழக்கத்தைவிட முன்னதாகவே திறக்கிறார். வரிசை சேரவே விடக்கூடாது. நேற்றைய உத்தரவு ரத்து: வருகிறவருக்கு உடனே கொடு, பெரிய நோட்டாகக் கொடு, வேகமாக அனுப்பு. முற்றுகை அத்தோடு கரைந்துபோகிறது.

முந்தைய ஆய்வு மரபு இந்தக் கதையை இரண்டு விதமாகக் கையாண்டிருக்கிறது. ஒரு சாரார், வங்கித் தொழில் முழுக்க நம்பிக்கை என்னும் நாடகம், எக்கிள்ஸ் கைதேர்ந்த நடிகர், கவுண்டர் மேல் நின்று சொன்னது அழகான புளுகு என்று வாசிக்கிறார்கள். இன்னொரு சாரார், அன்று பட்ட பாட்டில்தான் பழைய வங்கிக்காரர் செத்து, அரசு கடன் வாங்கியாவது செலவு செய்ய வேண்டும் என்ற புதிய மனிதர் பிறந்தார் என்று எழுதுகிறார்கள். பொருளியலாளர் கெய்ன்ஸைப் படிக்காமலே கெய்ன்ஸியராக ஆனவர் என்ற பட்டம் அங்கிருந்து வருகிறது. இரண்டு வாசிப்புக்கும் முதல் நாளே போதும். இரண்டாம் நாள் வந்தால் இரண்டுமே ஆட்டம் காண்கின்றன.

நாடகம் என்ற வாசிப்பை எடுத்துக்கொள்வோம். மெதுவாகக் கொடுப்பதை நடிக்கலாம். பெட்டகம் பாதி காலியாக இருந்தாலும் அட்டையைத் தேடிக்கொண்டிருக்கலாம், நோட்டைத் திரும்ப எண்ணலாம். வேகமாகக் கொடுப்பதை நடிக்க முடியாது. பெட்டகத்தில் நோட்டு இல்லாமல் அதைச் செய்தால் பகல் உணவுக்குள் குட்டு வெளிப்பட்டுவிடும். இரண்டு நாளுக்கும் இடையில் மாறியது என்ன? அதே வங்கி, அதே கடன் ஏடுகள், அதே டெபாசிட்தாரர்கள். வங்கியின் சொத்து ஒரே இரவில் ஒரு டாலர்கூட உயர்ந்துவிடவில்லை. மாறியது ஒன்றே ஒன்று: மத்திய வங்கியின் நோட்டு பெட்டகத்துக்குள் வந்திருந்தது. ஒரு வங்கிக்கு எது புத்திசாலித்தனம், மெதுவா வேகமா என்பது அந்த வங்கியின் குணத்தைப் பொறுத்ததில்லை. அதன் முதுகுக்குப் பின்னால் யார் நிற்கிறார் என்பதைப் பொறுத்தது. கதையின் தொழில்நுட்பப் பாடம் இதுதான். அதை இரண்டாம் நாள்தான் சொல்கிறது.

நம் கடைத்தெருப் பேச்சில் இதற்குப் பொருத்தமான வேறுபாடு ஒன்று உண்டு. பணமுடை வேறு, நொடிப்பு வேறு. சரக்கு நிறைய இருந்தும் அன்றைக்குக் கையில் காசில்லாதவர் முடையில் இருக்கிறார். சரக்கே கடனை அடைக்காது என்றானவர் நொடித்துவிட்டார். முடையில் இருப்பவர் நாணயஸ்தர்தான், அந்த நிமிஷம் நாணயம்தான் இல்லை. எக்கிள்ஸின் வங்கி முடையில் இருந்தது. சொத்தை ஈடாக வைத்து எங்கேயாவது நோட்டு வாங்க முடிந்தால் பிழைக்கும். முடியாவிட்டால் நொடித்த வங்கியோடு சேர்த்துப் புதைக்கப்படும்.

எக்கிள்ஸ் வாசகர் காதில் சொன்ன அந்த வார்த்தை கனம் பெறுவது இங்கேதான். பெடரல் ரிசர்விடம் பணம் இருந்தது பொய்யில்லை. அது ஓர் உறுப்பு வங்கிக்கு எதன்பேரில் கிடைக்கும்? வங்கி தன் கணக்கில் வைத்திருந்த கையிருப்பு தீர்ந்த பிறகு எந்த ஈடு ‘தகுதியுள்ளது’ என்று 1913-ஆம் ஆண்டுச் சட்டம் வரையறுத்திருந்தது. 90 நாளுக்குள் முதிரும் வணிக உண்டியல்கள், அதைவிடச் சற்று நீண்ட தவணையுள்ள வேளாண்மை, கால்நடைக் கடன் பத்திரங்கள், அரசுக் கடன் பத்திரங்கள். நிலத்தின் மேலும் வீட்டின் மேலும் கொடுத்த அடமானக் கடன், நிறுவனங்களின் நீண்டகாலப் பத்திரம் ஆகியவை எவ்வளவு நல்ல சொத்தானாலும் பெடரல் ரிசர்வின் கடன் சன்னலில் அன்று செல்லாது. ஒரு மலைமாநில வங்கியின் ஏட்டில் அப்படிப்பட்ட செல்லாச் சொத்து எவ்வளவு இருக்கும் என்பதை ஊகிக்கப் பெரிய ஆராய்ச்சி வேண்டாம். ஆகவே, பணம் இருக்கிறது, ஆனால் எங்களுக்குக் கிடைக்குமா தெரியாது என்பதை ஒரு புளுகரின் குறும்பாகப் படிப்பது பெரிய பிழை. என் வாசிப்பில் அது ஒரு புகார். அமைப்பின் கதவில் இருந்த ஓட்டையைச் சுட்டுகிறது.

புகாராகத்தான் அவர் கருதினார் என்பதற்கு அவருடைய அடுத்த நான்காண்டு வாழ்க்கையே சாட்சி. 1934-இல் வாஷிங்டன் போனார். அதே ஆண்டு ஜனாதிபதி ரூஸ்வெல்ட் அவரைப் பெடரல் ரிசர்வின் தலைமைக்குக் கொண்டுவந்தார். 1935-ஆம் ஆண்டு வங்கிச் சட்டத்தைப் பற்றிப் பேசும்போது, அதிகாரத்தை நியூயார்க்கிலிருந்து வாஷிங்டனுக்கு மாற்றியது, திறந்த சந்தைக் குழுவைத் திருத்தி அமைத்தது என்பவையே வழக்கமாகப் பேசப்படுகின்றன. எக்கிள்ஸ் விடாப்பிடியாக நின்ற இன்னொரு பிரிவு உண்டு: எந்த நல்ல சொத்தின் மேலும் உறுப்பு வங்கிக்குக் கடன் கொடுக்கும் உரிமை. 1932-இல் நெருக்கடிக்கால ஏற்பாடாக ஒரு சிறு கதவு திறக்கப்பட்டிருந்தது. அதை நிரந்தரமாகவும் அகலமாகவும் ஆக்க வேண்டும் என்பது அவர் கோரிக்கை. குறுகியகால வணிக உண்டியலே மத்திய வங்கியின் உயிர் என்ற கோட்பாட்டைக் காத்துநின்ற செனட்டர் கார்ட்டர் கிளாஸ் இதை ரசிக்கவில்லை. கடைசியில் சமரசமாக, ரிசர்வ் வங்கிக்குத் திருப்தியான எந்த ஈட்டின் மேலும் கடன் உண்டு, ஆனால் அரை சதவீதமாவது கூடுதல் வட்டியில் என்று சட்டம் வந்தது. ஆக்டன் கவுண்டரில் சொல்லாமல் விட்ட பாதி வாக்கியத்தைச் சட்டமாக எழுதி முடித்தார் என்று நான் சொன்னால், அது சற்று அலங்காரமாகத் தோன்றலாம். அலங்காரத்தை எடுத்துவிட்டாலும் உறவு நிற்கிறது.

கெய்ன்ஸ் விஷயம். எக்கிள்ஸ் யாரைப் படித்தார், எப்போது படித்தார் என்ற தேடலில் ஏராளமான தாள் செலவாகிவிட்டது. தன் கருத்துகள் கெய்ன்ஸிடமிருந்து வந்தவை அல்ல என்று அவரே மறுத்திருக்கிறார். நூலகப் பதிவேட்டைத் துருவுவதைவிட அவர் ஏட்டைத் துருவுவது பயன் தரும். முற்றுகைக்குப் பிந்தைய மாதங்களைப் பற்றிச் சொல்லும்போது, தன்னைப் போன்ற வங்கிக்காரர்கள் டெபாசிட்தாரருக்குக் கொடுப்பதற்காகக் கடனை நெருக்கி வசூலித்ததும் பத்திரங்களை விற்றுத் தள்ளியதும் சேர்ந்து விலைகளைக் கீழே இழுத்து, கடன் வாங்கியவன் திருப்பிக் கொடுக்கவே முடியாத நிலைக்கு அவனைத் தள்ளவில்லையா என்று தன்னையே கேட்டுக்கொள்கிறார். ஒருவனுக்கு விவேகமாக இருப்பது எல்லோரும் செய்தால் நாசம். 1933 பிப்ரவரியில் செனட் நிதிக் குழு முன் அவர் வைத்த திட்டம் முழுக்க இதிலிருந்து விளைகிறது: நிவாரணம், பொதுப்பணி, விவசாயக் கடனுக்கு மறுநிதி, டெபாசிட்டுக்கு அரசு உத்தரவாதம். வங்கிக்காரர் மறைந்து கொள்கையாளர் பிறக்கவில்லை. வங்கிக்காரர் தன் தொழிலையே எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்தார்.

இந்த வாசிப்புக்கு எதிராக, கதை பின்னோக்கிப் புனையப்பட்டது, 1935-ஐயும் அதன் பிறகு நடந்ததையும் அறிந்தவர் 1931-க்குள் அவற்றைத் திணித்திருக்கிறார் என்று சொல்லலாம். ஒப்புக்கொள்கிறேன், ஒப்புக்கொண்டதால் என் வாதம் மெலிவதில்லை. காதில் சொன்ன அந்த வார்த்தை 1931-இல் பிறந்ததா 1951-இல் பிறந்ததா என்பது எனக்கு இரண்டாம் பட்சம். தன் வாழ்க்கையின் பொருள் எந்த இடத்தில் இருக்கிறது என்று கிழவர் கருதினாரோ அந்த இடத்தில் விரலை வைத்திருக்கிறார். இன்னொரு சந்தேகம், 1946-இல் வந்த ஃபிராங்க் காப்ராவின் திரைப்படத்திலும் கவுண்டர், கூட்டம், சிறு தொகைகளாகக் கொடுத்துச் சமாளிக்கும் நாயகன் எல்லாம் இருப்பதால், எக்கிள்ஸ் நினைவில் சினிமா கலந்திருக்கும் என்பது. காப்ராவின் நாயகன் தன் தேனிலவுப் பணத்தை எடுத்துக் கொடுக்கிறான். மத்திய வங்கியை அவன் நினைப்பதே இல்லை. இதற்கு மேல் அந்தச் சந்தேகத்துக்கு இடம் தர வேண்டியதில்லை.

என் வாசிப்பை உண்மையில் சங்கடப்படுத்துவது 1936-37. வங்கிகள் சட்டம் கேட்டதைவிட மிக அதிகமான கையிருப்பை வைத்திருந்தன. அதைச் சும்மா கிடக்கும் பணமாகக் கருதி எக்கிள்ஸின் குழு 1936 ஆகஸ்டில் தொடங்கி 1937 மே மாதத்துக்குள் கட்டாயக் கையிருப்பு விகிதத்தை இரு மடங்காக்கியது. ஊர்ப்புற வங்கிக்கு 7 சதவீதம் 14 ஆனது. நியூயார்க், சிகாகோ வங்கிகளுக்கு 13 சதவீதம் 26 ஆனது. அதே ஆண்டு பொருளாதாரம் மறுபடி விழுந்தது. விழுந்ததற்கு இந்த முடிவு எவ்வளவு காரணம் என்பது தனி விவாதம். எனக்கு உறுத்துவது வேறு. முற்றுகையைக் கண்ணால் பார்த்த வங்கிக்காரர் அந்தக் கூடுதல் கையிருப்பு சும்மா கிடப்பதில்லை, பயத்தில் ஒதுக்கிய பணம் என்று எல்லோருக்கும் முன்னால் உணர்ந்திருக்க வேண்டும். உணரவில்லை. கல்லாவின் பாடத்தை அவர் ஒரே ஒரு தடவை மறந்தார் என்று வேண்டுமானால் சொல்லலாம். மன்னிக்கும்படி சொல்ல எனக்கு வழி தெரியவில்லை.

இனி 1951. போர்க்காலத்தில், 1942 ஏப்ரலிலிருந்து, பெடரல் ரிசர்வ் அரசுக் கடன் பத்திரங்களின் விலையைத் தாங்கிப் பிடித்தது: குறுகியகால உண்டியலுக்கு 3/8 சதவீதம், நீண்டகாலப் பத்திரத்துக்கு 2½ சதவீதம் வட்டிக்கு மேல் போகவிடாமல். இதை ஆக்டன் கண்ணோடு பார்த்தால் என்ன தெரிகிறது? பத்திரம் வைத்திருக்கும் எந்த வங்கியும் எந்த நாளும் அதைக் கொண்டுவந்து கொடுத்து முழு விலைக்குப் புதுப்பணம் வாங்கிப்போகலாம். கல்லா எப்போதும் திறந்திருக்கிறது, கேட்டவருக்கெல்லாம் உடனே, பெரிய நோட்டாக. முற்றுகை நாளுக்கான மருந்தைத் தினசரி உணவாக்கிவிட்டார்கள். பெடரல் ரிசர்வ் பணவீக்கத்தின் எந்திரமாகிவிட்டது என்று எக்கிள்ஸ் எச்சரித்தது இதைத்தான். 1930-களில் தாராளவாதி, 1940-களின் கடைசியில் கஞ்சன் என்று அவரை இரண்டாக வெட்டும் எழுத்துகள், இரண்டு நிலையும் ஒரே கணக்கிலிருந்து வருவதைக் காணத் தவறுகின்றன.

1948-இல் ஜனாதிபதி ட்ரூமன் அவரைத் தலைமைப் பதவிக்கு மறுபடி நியமிக்கவில்லை. தாமஸ் மெக்கேப் தலைவரானார், எக்கிள்ஸ் குழு உறுப்பினராகவே தங்கினார். கொரியப் போர் தொடங்கியதும் நிதித்துறைக்கும் பெடரல் ரிசர்வுக்கும் இழுபறி முற்றியது. 1951 ஜனவரி 31 அன்று ட்ரூமன் திறந்த சந்தைக் குழு முழுவதையும் வெள்ளை மாளிகைக்கு அழைத்தார். அங்கே அவர் சொன்னவற்றில் ஒன்றை ஆய்வாளர்கள் வேடிக்கைக் குறிப்பாக விட்டுவிடுகிறார்கள். முதல் உலகப் போரில் தன் சிப்பாய்ச் சம்பளத்தில் லிபர்ட்டி பத்திரம் வாங்கியதையும், ஊர் திரும்பித் துணிமணிக்காக அதை விற்றபோது 100 டாலர் பத்திரத்துக்கு 80 டாலர் அளவே கிடைத்ததையும் அவர் நினைவுகூர்ந்தார். மேசையின் இரு பக்கமும் இரண்டு கல்லாக்கள் நினைவில் இருந்தன: ஒன்றில் ட்ரூமன் வாடிக்கையாளர், இன்னொன்றில் எக்கிள்ஸ் காசாளர்களுக்குப் பின்னால் நின்றவர். மக்களுக்கு அரசு கொடுத்த வாக்கு சந்தையில் 20 டாலர் குறைந்து போவது ட்ரூமனுக்கு அவமானம். எந்த விலைக்கும் வாங்குவேன் என்று வாக்குக் கொடுத்தால் கையில் மிச்சம் எதுவும் இராது என்பது எக்கிள்ஸின் பயம்.

மறுநாள் வெள்ளை மாளிகை, நெருக்கடி நீடிக்கும்வரை அரசுப் பத்திரங்களை நிலைநிறுத்தக் குழு ஜனாதிபதிக்கு உறுதி தந்ததாக அறிவித்தது. தொடர்ந்து, தற்போதைய விலைகளைக் காப்பதாகத் தரப்பட்ட உறுதிக்கு நன்றி சொல்லி ட்ரூமன் மெக்கேப்புக்கு எழுதிய கடிதமும் வெளியாயிற்று. அப்படி ஓர் உறுதி தரப்படவில்லை. கூட்டம் முடிந்ததும் குழு உறுப்பினர் ருடால்ஃப் எவன்ஸ் எழுதிவைத்த இரகசியக் குறிப்பு அதைக் காட்டியது. எக்கிள்ஸ் யார் அனுமதியும் கேட்காமல் அதைப் பத்திரிகைகளுக்குக் கொடுத்தார். பிப்ரவரி 4, ஞாயிற்றுக்கிழமை, அது வெளிவந்தது. நிதியமைச்சர் ஸ்னைடர் மருத்துவமனையில் இருக்க, துணைச் செயலர் வில்லியம் மெக்செஸ்னி மார்ட்டின் பேச்சுவார்த்தை நடத்தி, மார்ச் 4 அன்று உடன்பாடு அறிவிக்கப்பட்டது. விலைப்பிடி தளர்ந்தது. ஜூலையில் எக்கிள்ஸ் பதவி விலகி யூட்டாவுக்குத் திரும்பினார். தன்வரலாறும் அதே ஆண்டில் வந்தது.

இந்தத் தேதிப் பொருத்தத்தை யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை. நூலின் எந்தப் பக்கம் எந்த மாதத்தில் எழுதப்பட்டது என்று பிரிக்க முடியாது. ஆக்டன் பகுதி பிப்ரவரிக்கு முன்பே முடிந்திருக்கலாம். ஆனாலும், தராத உறுதியைத் தந்ததாகச் சொன்ன அறிக்கையைப் பொறுக்காமல் பகிரங்கப்படுத்தியவரும், 20 ஆண்டுக்கு முன் தான் கவுண்டர் மேல் நின்று சொன்ன வார்த்தையில் சொல்லாமல் விட்ட பாதியைத் தானே அச்சில் ஒப்புக்கொண்டவரும், ஓராண்டுக்குள் செயல்பட்ட ஒரே மனிதர். ஆக்டனில் கூட்டத்துக்குச் சொன்ன வாக்கு, மத்திய வங்கி தருமோ தராதோ என்ற நிலையில் சொல்லப்பட்டது. 1951-இல் வெள்ளை மாளிகை சொன்ன வாக்கு, மத்திய வங்கி தந்தே தீர வேண்டும் என்ற நிலையில் சொல்லப்பட்டது. முன்னதைத் திருத்த அவருக்கு 20 ஆண்டு ஆயிற்று. பின்னதைத் திருத்த மூன்று நாள். பின்னதற்கு அவர் தன் சொல்லைப் பயன்படுத்தவில்லை என்பதும் கவனிக்கத்தக்கது. சக உறுப்பினர் எழுதிவைத்த குறிப்பை எடுத்து, கையெழுத்து அட்டையை ஒத்துப்பார்க்கும் காசாளர்போல, அறிக்கையின் பக்கத்தில் வைத்துக் காட்டினார்.